ஐந்தாவது மெழுகுதிரி

கொடைரோடு என்பது உள்ளபடி ஓர் ஊரின் பெயரன்று. ஒரு வழியின் பெயர். ஊரின் பெயர் அம்மையநாயக்கனூர். மலைமேல் சுமார் 80 கிலோமீட்டர் தொலைவில் இருக்கும் கொடைக்கானலுக்குச் செல்வோர் இறங்குவதற்காக அமைந்த புகைவண்டி நிலையத்திற்கு இட்ட பெயரே நாளடைவில் ஊரின் பெயராக நிலைத்துவிட்டது. ஆகவே இங்கு வந்து இறங்குவோரில் பெரும்பாலோர் இங்குத் தங்க வருகிறவர்கள் அல்லர். இரவு வண்டியில் வந்து, தேநீர் அருந்தி, விடியுமுன் பேருந்தேறிப் போய்விடுவார்கள். செண்பகனூரில் உள்ள இயேசு சபை இல்லத்திற்குத் தியானத்திற்காகச் சென்ற இளமை நாள்களில் நானும் அப்படி இறங்கி ஏறியவனே. இங்கேயே பங்குப்பணி ஏற்க நேரும் என்று அப்போது நினைத்ததில்லை.

இங்குத் தங்குவதற்கென்றே வந்தவர்களும் சிலர் உண்டு. அவர்களில் ஒருவர் எங்கள் பங்கில் எல்லாரும் 'மன்னார்ப் பாட்டி' என்றழைக்கும் மூதாட்டி. 1990இல் படகேறி வந்தவர். மண்டபத்தில் சில நாள், பிறகு திண்டுக்கல்லை அடுத்த முகாமில் பல ஆண்டுகள். இப்போது முறைப்படி பதிவு செய்துகொண்டு, மகளோடு இருப்புப்பாதைக்கு அருகில் ஒரு வாடகை வீட்டில் இருக்கிறார். மகள் திராட்சைத் தோட்ட வேலைக்குப் போகிறார்; பாட்டி நிலக்கோட்டைச் சந்தைக்குப் போகும் மல்லிகையில் கொஞ்சம் வாங்கித் தொடுத்து விற்கிறார். ஞாயிறு காலைத் திருப்பலிக்கு மணி அடிக்கும் முன்பே மாதா பீடத்தில் அவர் தொடுத்த சரம் ஏறியிருக்கும். அதற்குக் காசு கொடுக்க முயன்று நான் இருமுறை திட்டு வாங்கியிருக்கிறேன்.

நவம்பர் 2, கல்லறைத் திருநாளில், இவர் கல்லறைத் தோட்டத்துச் சிலுவையடியில் ஐந்து மெழுகுதிரிகள் ஏற்றுவார். இம்மண்ணில் அவருக்கென்று ஒரு கல்லறையும் இல்லாததால் சிலுவையடிதான் அவருக்கு எல்லாக் கல்லறையும். நான்கு திரிகளுக்குப் பெயர் சொல்வார்: தகப்பனார், தாயார், கணவர், முகாமில் காய்ச்சலில் இறந்த இளைய மகள். ஐந்தாவதை ஏற்றும்போது வாய் அசையாது. அவருடைய மூத்த மகன் 2002இல் சமாதானம் வந்துவிட்டது என்று நம்பி ஊர் திரும்பி, 2009இல் வன்னியில் காணாமற்போனவன் என்பது பங்கில் எல்லாருக்கும் தெரியும். எனவே ஐந்தாவது திரி அவனுக்கு என்றும், பெயரைச் சொல்லத் தாய் மனம் தாங்கவில்லை என்றும் எல்லாரும் எண்ணினோம். நானும் அப்படித்தான் எண்ணி, ஒருமுறை மறையுரையிலும் அதைச் சொன்னேன். அது பிழை. அந்தப் பிழை எனக்குத் தெரியவந்த கதையையே இங்கு எழுத முற்படுகிறேன்.

சென்ற ஆண்டு நண்பர் ஒருவர் ஓர் ஆவணப்படத்தைக் கொண்டுவந்து கொடுத்தார். 'டெமன்ஸ் இன் பாரடைஸ்' என்பது பெயர். 'சொர்க்கத்தில் பேய்கள்' எனலாம். எடுத்தவர் ஜூட் ரட்ணம் என்னும் இலங்கைத் தமிழர். ஏறத்தாழப் பத்தாண்டுகள் உழைத்து எடுத்த இப்படம் 2017 மே மாதம் பிரான்சு நாட்டுக் கான் திரைப்பட விழாவில் சிறப்புத் திரையிடலாகக் காட்டப்பட்டது. 1983 ஜூலையில் கொழும்பில் தமிழர் வீடுகள் எரிந்தபோது இவருக்கு வயது ஐந்து. தெற்கிலிருந்து வடக்கு நோக்கிச் சென்ற ஒரு புகைவண்டியில் ஏற்றித்தான் இக்குழந்தையைக் காப்பாற்றினார்கள். ஆகவே இவருடைய படத்தில் புகைவண்டியும் ஒரு கதைமாந்தர் போலவே வருகிறது. தமிழில் வாய் திறந்தால் தெரிந்துவிடும் என்று பேச்சை அடக்கக் கற்ற குழந்தை, வளர்ந்து, தன் மகன் பொது இடத்தில் தமிழ் பேசும்போது நெஞ்சு திடுக்கிடும் தகப்பனாகிறது. போர் முடிந்துவிட்டது. ஆனால் அந்தத் திடுக்கிடல் முடியவில்லை. எதனால் என்று தேடிப் புறப்படுவதே படம்.

புகைவண்டி நிலையத்து ஊரில் இருப்பவனுக்கு அந்த வண்டியின் வரலாறு தனியாக மனத்தில் தைக்கிறது. 'யாழ் தேவி' என்ற விரைவு வண்டி 1956 ஏப்ரல் 23இல் ஓடத் தொடங்கியது. கொழும்புக்கும் காங்கேசன்துறைக்கும் இடையே அது சிங்களவரையும் தமிழரையும் ஒரே இருக்கையில் உட்கார்த்தி வைத்தது. அரசாங்க எழுத்தரும், புகையிலை வணிகரும், திருவிழாவுக்குப் போகும் குடும்பங்களும் அதில் ஏறி இறங்கினர். 1990 ஜூனில் யாழ்ப்பாணத்திற்கான ஓட்டம் நின்றது. அதன்பின் நடந்ததுதான் விந்தை. வடக்கில் தண்டவாளங்களும் அவற்றைத் தாங்கிய குறுக்குக் கட்டைகளும் பெயர்த்தெடுக்கப்பட்டுப் பதுங்குகுழிகளுக்குக் கூரையாயின. மக்களை ஓரிடத்திலிருந்து ஓரிடத்திற்குக் கொண்டு சென்ற இரும்பு, அவர்களை நிலத்துக்கடியில் குனிந்திருக்கச் செய்தது. பாதை இருந்த இடத்தில் காடு ஏறியது. நம் நாட்டுப் பொதுத்துறை நிறுவனமான இர்கான் புதுப் பாதை இட்டு, 2014 அக்டோபர் 13இல் மீண்டும் யாழ்ப்பாணத்திற்கு வண்டி போயிற்று. இருபத்து நான்கு ஆண்டுகள்! ஒரு தலைமுறை முழுவதும் புகைவண்டியைப் பாடநூற் படத்தில் மட்டும் கண்டு வளர்ந்தது.

இதை நான் பங்குமனையில் மடிக்கணினியில் பார்த்துக்கொண்டிருந்த மாலையில், பூச்சரத்தோடு வந்த பாட்டி வாசற்படியிலேயே நின்றுவிட்டார். திரையிலிருந்து வந்த பேச்சுத்தான் அவரை நிறுத்தியது. நாம் அதை 'இலங்கைத் தமிழ்' என்கிறோம்; அவருக்கு அது வெறும் தமிழ். உள்ளே வந்து உட்காரச் சொன்னேன். தரையில்தான் உட்கார்ந்தார். வண்டியைக் கண்டதும், "மதவாச்சியில ரெண்டாப் பிரியும் சாமி. ஒண்டு யாழ்ப்பாணம் போகும், மற்றது எங்கட ஊருக்கு வரும்" என்றார். அவருடைய தகப்பனார் தலைமன்னார் இறங்குதுறையில் மூட்டை தூக்கியவர். 1964 டிசம்பர்ப் புயலில் தனுஷ்கோடி அழியும்வரை அத்துறைமுகத்திற்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் ஓடியதும், சென்னையில் ஒரே சீட்டு வாங்கிக் கொழும்புவரை போக முடிந்ததும் நம்மில் மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். இந்தக் கரையில் வண்டி, நடுவில் கப்பல், அந்தக் கரையில் வண்டி. அந்த இணைப்பின் மறுமுனையில் நின்றவரின் மகள் இப்போது எங்கள் கொடைரோட்டு இருப்புப்பாதை ஓரத்தில் குடியிருக்கிறார். இரவில் பாண்டியன் விரைவு வண்டி கூவும்போது விழித்துக்கொள்வேன் என்று அவர் சொன்னதுண்டு. தூக்கம் கெடுகிறதே என்று நான் இரங்கினேன். "இல்லை சாமி, அது கூவினாத்தான் நித்திரை வரும்" என்றார்.

படத்தின் பிற்பகுதியை அவர் முழுவதும் பார்க்கவில்லை. அதைச் சொல்லுமுன் படம் எங்கே போகிறதென்று சொல்லவேண்டும்.

ஜூட் ரட்ணம் தம் குடும்பத்துப் பெரியவரான மனோரஞ்சன் என்பவரோடு பயணம் போகிறார். இவர் இளமையில் ஆயுதப் போராட்டக் குழு ஒன்றில் இருந்தவர். பிறகு கனடாவில் அடைக்கலம் புகுந்தவர். பல ஆண்டுகளுக்குப் பின் திரும்பி வந்து, 1983இல் தம்மை ஒளித்துவைத்துக் காத்த சிங்களக் குடும்பத்தாரைத் தேடிச் செல்கிறார். அடுத்து, வெவ்வேறு குழுக்களில் இருந்து பிரிந்து, ஒருவரையொருவர் வேட்டையாடி, எப்படியோ பிழைத்துக்கொண்ட முன்னாள் போராளிகள் இரவில் நெருப்பைச் சுற்றி அமர்ந்து பேசுகிறார்கள். அங்கே பேசப்படுவது சிங்களப் படை தமிழருக்குச் செய்தது அன்று. தமிழர் தமிழருக்குச் செய்தது. 1986 ஏப்ரல் இறுதியிலும் மே தொடக்கத்திலும் விடுதலைப் புலிகள் டெலோ இயக்கத்தை அழித்தொழித்த நாள்கள் நம் நாட்டுச் செய்தித்தாள்களிலும் வந்தன. டெலோவின் தலைவர் சிறீ சபாரத்தினம் அம்மே மாதம் 6ஆம் நாள் கொல்லப்பட்டார். முந்தின வாரம் வரை 'எங்கள் பிள்ளைகள்' என்று சோறு போட்ட வீதிகளிலேயே இளைஞர்கள் சுட்டும் எரித்தும் கொல்லப்பட்டார்கள். கதவிடுக்கில் பார்த்துக்கொண்டிருந்த ஊர், பிறகு அதைப் பற்றிப் பேசுவதில்லை என்று தனக்குள் முடிவு செய்துகொண்டது.

இப்படத்திற்கு எதிர்ப்பு எழுந்ததில் வியப்பில்லை. 2018இல் யாழ்ப்பாணத்தில் நடந்த அனைத்துலகத் திரைப்பட விழாவில் திரையிடுவதாக இருந்து, பின்பு விலக்கிக்கொள்ளப்பட்டது. எதிர்த்தவர்கள் கேட்ட கேள்வியை நான் அலட்சியம் செய்யமாட்டேன். முள்ளிவாய்க்காலில் மடிந்தவர்களின் எண்ணிக்கையே இன்னும் ஏற்றுக்கொள்ளப்படாத நிலையில், பாதிக்கப்பட்ட இனத்தான் எழுந்து தன் குற்றத்தை அறிக்கையிடுவது யாருக்குப் பயன்படும் என்பதே அக்கேள்வி. மன்னார் ஆயராக இருந்து 2021 ஏப்ரல் 1இல் இறைவனடி சேர்ந்த மேதகு இராயப்பு யோசேப்பு ஆண்டகை, 2011 ஜனவரியில் அரசின் விசாரணை ஆணைக்குழு முன் சென்று, அரசாங்கத்தின் கணக்குகளையே ஒப்பிட்டுக் காட்டி, 1,46,679 பேருக்கு என்ன நேர்ந்தது என்று கேட்டார். அந்தக் கேள்வி இன்றளவும் விடையின்றி நிற்கிறது. 2009 மே 18இல் சரணடைந்தோரோடு துணைக்குச் சென்ற அருள்பணி பிரான்சிஸ் யோசேப்பு அடிகளார் எங்கே என்பதற்கும் விடையில்லை. 1995 ஜூலை 9இல் நவாலி தூய பேதுரு ஆலயத்தில் அடைக்கலம் புகுந்திருந்தோர் மேல் குண்டு போட்டவர்களை எந்த நீதிமன்றமும் இதுவரை அழைக்கவில்லை. கிளிநொச்சியில் 2017 பிப்ரவரி 20இல் பிள்ளைகளின் படங்களோடு பந்தலில் உட்கார்ந்த தாய்மாரில் பலர், பதில் கிடைக்காமலே கண்மூடிவிட்டனர். இத்தனைக்கும் நடுவில் உன் வீட்டுக் குப்பையைக் காட்டு என்றால் கோபம் வராதா?

வரும். எனினும், ஒப்புரவுத் தொட்டியில் இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் அமர்ந்தவன் என்ற முறையில் ஒன்று சொல்வேன். அங்கே அடித்தவன் வருவது அரிது, அடிபட்டவளே வருகிறாள். அவன் குடித்துவிட்டுத் திண்ணையில் கிடக்கும்போது, அவள் வந்து, "கோபத்தில் சபித்துவிட்டேன் சாமி, பிள்ளையை அடித்துவிட்டேன்" என்று அழுகிறாள். இளங்குருவாக இருந்தபோது எனக்கு இது பெரிய அநியாயமாகத் தோன்றிற்று. உன் பாவம் இருக்கட்டும், உன் புருஷனை முதலில் வரச்சொல் என்று எனக்குள் பொருமியதுண்டு. ஆனால் அவள் தன் கணவனுக்காக அங்கு வரவில்லை. அவனுடைய குற்றம் தன் குற்றத்தால் குறையும் என்று எண்ணியும் வரவில்லை. அவளுடைய நெஞ்சில் தைத்திருப்பது அவளுடைய முள். அதை எடுக்க அவன் வரும்வரை அவள் காத்திருக்கவேண்டும் என்று சொல்ல நான் யார்? ஜூட் ரட்ணத்தின் படத்தை நான் இந்த வழியில்தான் ஏற்றுக்கொண்டேன். அதில் எனக்குக் குறையும் உண்டு. படை செய்த அழிவு அப்படத்தில் உரிய அளவு கனக்கவில்லை. ஈழத்து வரலாறு அறியாத வெளிநாட்டார் இதை மட்டும் பார்த்தால் தராசு சாய்ந்துவிடும். அப்படியிருந்தும் பொய் சொல்லும் படமன்று அது.

இதற்கு நேர்மாறான நினைவுப் படமும் ஒன்றுண்டு. சோமீதரன் 2008இல் எடுத்த 'எரியும் நினைவுகள்' யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்ததைப் பற்றியது. 1981 மே 31 நள்ளிரவை ஒட்டி வைத்த தீயில் ஏறத்தாழ 97,000 நூல்கள் சாம்பலாயின. கத்தோலிக்கராகிய நமக்கு அந்நூலகத்தோடு இரட்டை உறவு உண்டு. அதை உருவாக்க முன்நின்றவர்களில் ஒருவர் தூய பத்திரிசியார் கல்லூரி அதிபராயிருந்த லோங் அடிகளார். அது எரிவதைத் தொலைவிலிருந்து கண்ட பன்மொழிப் புலவர் தாவீது அடிகளார் அந்த அதிர்ச்சியிலேயே உயிர்விட்டார். இந்த நினைவைப் போற்றுவது நமக்கு எளிது. கொளுத்தியவன் அவன், இழந்தவர் நாம். இதைச் சொல்லும்போது நம் குரல் தடுமாறுவதில்லை. குரல் தடுமாறும் இடம் வேறெங்கோ இருக்கிறது.

குருமடத்தில் நாங்கள் பயின்ற இறையியலாளர்களில் யோகான் பாப்டிஸ்ட் மெட்ஸ் ஒருவர். 2019 டிசம்பரில் தம் 91ஆம் வயதில் மறைந்த செருமானியக் குரு. நினைவு என்பது ஆறுதல் தரும் பழங்கதையன்று, ஆபத்தானது. கிறிஸ்துவின் பாடுகளின் நினைவு உலகின் அமைதியைக் குலைக்கவேண்டும் என்று எழுதியவர். தேர்வுக்காக அதை மனப்பாடம் செய்தோம். எங்கிருந்து அவருக்கு அந்தச் சிந்தனை பிறந்தது என்று வெகுநாள் கழித்தே அறிந்தேன். இரண்டாம் உலகப்போரின் இறுதியில், பதினாறு வயதில், அவரைப் பள்ளியிலிருந்து இழுத்துச் சென்று படையில் சேர்த்தார்கள். நூற்றுக்கு மேற்பட்ட இளைஞர்கள் கொண்ட அணி. ஒரு மாலை தலைவர் அவரிடம் ஒரு செய்தியைக் கொடுத்துத் தலைமையகத்திற்கு அனுப்பினார். இரவெல்லாம் நடந்து, காலையில் திரும்பி வந்தபோது, நேற்றுவரை சிரித்து விளையாடிய முகங்கள் யாவும் இறந்து கிடந்தன. ஒருவர்கூட மிஞ்சவில்லை. தாம் கேட்டது ஓசையற்ற ஓர் அலறலையே என்று அவர் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார். அன்று முதல் அவருக்கு, இறந்தவர்களை மறந்துவிட்டுச் செய்யும் எந்த இறைவேண்டலும் வேண்டலாகப் படவில்லை. ஒவ்வொரு நாளும் பீடத்தில் அப்பத்தைக் கையிலேந்தி 'நினைவாக' என்று சொல்கிற நான், எவ்வளவு எளிதாக அச்சொல்லைக் கடந்து போயிருக்கிறேன்!

பாட்டிக்கு வருகிறேன். நெருப்பைச் சுற்றி அந்த ஆண்கள் பேசத் தொடங்கியதும் அவர் எழுந்துவிட்டார். "வாறன் சாமி" என்ற ஒரு சொல். பூச்சரம் தரையிலேயே கிடந்தது.

அடுத்த நாள் நான் செய்தது இன்றும் எனக்கு வெட்கம் தருகிறது. இளைஞர் இயக்கத்தாருக்கு நவம்பர் மாத முதல் வாரத்தில் ஒரு கூட்டம் இருந்தது. படத்தில் கண்ட சாட்சிகளின் வேகத்தில் இருந்த நான், பாட்டியின் வீட்டுக்குப் போய், "நீங்கள் வந்து பிள்ளைகளிடம் உங்கள் கதையைச் சொல்லவேண்டும் அம்மா" என்று கேட்டேன். கேட்டேன் என்பதைவிட வற்புறுத்தினேன் என்பதே சரி. சொன்னால் மனப்பாரம் குறையும், பிள்ளைகளுக்கும் பயன், ஆண்டவருக்கும் விருப்பம் என்றெல்லாம் அடுக்கினேன். குருக்களாகிய எங்களுக்கு எங்கள் விருப்பத்தை ஆண்டவர் கணக்கில் எழுதுவது பழகிப்போன ஒன்று. அவர் பூத்தொடுக்கும் நாரைப் பார்த்தபடி இருந்தார். மகள்தான், "அம்மாவுக்கு உடம்பு சரியில்லை, பாதர்" என்று என்னை வழியனுப்பினார். அதன்பின் இரண்டு ஞாயிறுகள் மாதா பீடத்தில் சரம் இல்லை.

யூதர் இன அழிப்பைப் பற்றிக் குளோட் லான்ஸ்மன் 1985இல் வெளியிட்ட ஒன்பதரை மணி நேரப் படத்தில், அழுதுகொண்டு நிறுத்தச் சொல்லும் மனிதரிடம், சொல்லத்தான் வேண்டும் என்று இயக்குநர் விடாது கேட்கிற ஒரு காட்சி உண்டு. அதை உலகம் பாராட்டுகிறது. வரலாற்றுக்கு அந்தச் சாட்சியம் தேவைப்பட்டது என்பதை நான் மறுக்கவில்லை. எங்கள் இளைஞர் கூட்டத்திற்குப் பாட்டியின் கண்ணீர் அவ்விதம் தேவைப்பட்டதா? உண்மையில் தேவைப்பட்டது எனக்கு. ஒரு நல்ல நிகழ்ச்சி நடத்திய நிறைவுக்காக. அவர் வீட்டுக்குத் திரும்பப் போய் மன்னிப்புக் கேட்டேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அன்று மாலை ஜெபமாலை முடிந்து எல்லாரும் போனபின் கோயில் படியில் உட்கார்ந்திருந்தார். இதை அவர் பாவசங்கீர்த்தனமாகச் சொல்லவில்லை. பெயர் போடாமல் எழுதலாம் என்ற அனுமதியையும் நான் கேட்டுப் பெற்றிருக்கிறேன்.

1986 மே மாதம். மன்னார்ப் பெருநிலத்தில் ஒரு சிற்றூர். கணவர் கடலுக்குப் போயிருந்தார். பிள்ளைகள் சிறியவர்கள். பொழுது சாயும் நேரத்தில் பின்வேலியருகில் ஒரு பையன் வந்து நின்றான். பதினெட்டு வயது இருக்கலாம். கையில் ஆயுதம் இல்லை. காலில் செருப்பும் இல்லை. எந்த இயக்கம் என்று அவன் சொல்லவில்லை, அவன் ஓடிவந்த வேகமே சொல்லிற்று. தண்ணீர் கேட்டான். கொடுத்தார். செம்பைத் திருப்பிக் கொடுத்தபோது, இருட்டும்வரை உள்ளே இருக்கட்டுமா அக்கா என்று கேட்டான்.

"நான் கதவைச் சாத்திப்போட்டன் சாமி."

சற்று நேரம் பேசவில்லை. இருப்புப்பாதையில் ஒரு சரக்கு வண்டி போயிற்று. நெடுநேரம் போயிற்று.

"பிள்ளையள் உள்ளுக்கு. வந்து பாத்தாங்களெண்டா எல்லாரையும் சுடுவாங்கள். அது சரிதான். ஆனா சாமி, கதவைச் சாத்தேக்க நான் பிள்ளையளை நினைக்கேல்ல. எனக்குப் பயம். அவ்வளவுதான். விடியத் தெருமுனையில கிடந்தான். பேர் கேக்கேல்ல. தண்ணி குடுக்கிற நேரத்தில ஒரு பேர் கேக்கிறதுக்கு என்ன?"

அப்படியானால் அந்த ஐந்தாவது திரி மகனுக்கு இல்லையா என்று கேட்டேன். என்னை நிமிர்ந்து பார்த்தார். "என்ர மகனுக்கு நான் ஏன் கொளுத்தவேணும்? அவனைக் காணேல்ல. செத்தவை எண்டு ஆர் சொன்னது?" அவர் குரலில் இருந்தது துயரமன்று, கோபம். மறையுரையில் அவனுக்கு நான் திரி ஏற்றிவைத்ததை அவர் கேட்டுக்கொண்டுதானே உட்கார்ந்திருந்தார்! காணாமற்போனோரின் குடும்பங்கள் இறப்புச் சான்றிதழ் வாங்க மறுக்கிறார்கள் என்று செய்திகளில் படித்திருக்கிறேன். படித்ததைப் பீடத்தில் நின்று மறந்திருக்கிறேன்.

அந்தப் படியில் உட்கார்ந்து, அவரிடம் நானும் ஒன்று சொன்னேன். குருவானவர் பங்குமக்களிடம் சொல்லத்தகுந்ததா என்று அப்போது யோசிக்கவில்லை. 1991இல் நான் ஒரு மாணவர் விடுதியில் தங்கிக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். எங்களோடு வவுனியாப் பக்கத்து அகதி மாணவன் ஒருவன் இருந்தான். நன்றாகப் பாடுவான், கணக்கில் எனக்கு ஆசிரியன். அவ்வாண்டு மே 21இல் திருப்பெரும்புதூரில் இராஜீவ் காந்தி கொல்லப்பட்டார். ஒரே இரவில் தமிழ்நாட்டின் முகம் மாறிற்று. நேற்றுவரை 'நம் உறவு' என்ற வாய் 'எவன் எப்படிப்பட்டவனோ' என்றது. விடுதிக்குக் காவலர்கள் வந்து விசாரித்தார்கள். அவன் மேல் குற்றம் ஒன்றும் இல்லை. ஆயினும் விடுதியில் அவனை வைத்துக்கொள்ளத் துணிவில்லை, போகச் சொல்லிவிட்டார்கள். பெட்டியோடு நின்றவன் என்னிடம் கேட்டது ஒன்றுதான். முகாமுக்கு வரும் கடிதங்கள் காலந்தாழ்ந்தும் பிரிக்கப்பட்டும் வருகின்றன, உன் வீட்டு முகவரியைத் தந்தால் தாய்க்கு அதைக் கொடுப்பேன் என்றான். "வீட்டில் கேட்டுச் சொல்கிறேன்" என்றேன். வீட்டில் கேட்கவில்லை. சொல்லவும் இல்லை. 1992 ஜனவரியில் அகதிகளைக் கப்பலில் திருப்பி அனுப்பத் தொடங்கினார்கள். அவனும் போய்விட்டதாக யாரோ சொன்னார்கள். அதன்பின் நான் குருமடம் சேர்ந்து, அயலானை அன்புசெய்வது பற்றி நிறையப் படித்தேன்.

பாட்டி கேட்டுக்கொண்டிருந்தார். "அந்தப் பெடியன்ர பேர் தெரியுமே?" என்றார். தெரியும் என்றேன். சொல்லச் சொன்னார். முப்பது ஆண்டுகளுக்கு மேலாகச் சொல்லாத பெயரைச் சொன்னேன்.

நவம்பர் 2 வந்தது. மாலைத் திருப்பலி முடிந்து கல்லறைத் தோட்டம் முழுதும் ஒளி. மல்லிகையும் சாம்பிராணியும் கலந்த மணம். சிறுமலைப் பக்கமிருந்து காற்று வந்துகொண்டிருந்ததால் திரிகள் அடிக்கடி அணைந்தன. பாட்டி நான்கு பெயர்களைச் சொல்லி நான்கு திரிகளை ஏற்றினார். ஐந்தாவதை ஏற்றும்போது, வழக்கம்போல் வாய் அசையவில்லை. நான் அருகில் போய், கையிலிருந்த ஒரு திரியை அவர் நெருப்பில் பற்றவைக்கக் குனிந்தேன். என் நண்பனுக்காகத்தான். பாட்டி கையால் மறைத்துக்கொண்டார்.

"உங்கட பெடியனுக்குக் கொளுத்தாதேங்கோ சாமி. செத்தவர் எண்டு உங்களுக்கு ஆர் சொன்னது? பேர் தெரியும், ஊர் தெரியும். தேடுங்கோ."

மறுநாள், மன்னார் மறைமாவட்டத்தில் பணியாற்றும் அறிமுகமான குரு ஒருவருக்குக் கடிதம் எழுதினேன். வவுனியா அம்மறைமாவட்டத்திற்குள் வருவது நல்லதாய்ப் போயிற்று. நண்பனின் முழுப்பெயர், தகப்பன் பெயர், அவன் ஊரென்று சொன்ன சிற்றூர், படித்த ஆண்டு, பாடுவான் என்ற செய்தி எல்லாவற்றையும் எழுதினேன். மின்னஞ்சலில் அனுப்பலாமே என்றார் உதவிப் பங்குத்தந்தை. இல்லை, தபாலில் போகட்டும் என்றேன். உறையின் பின்புறம் அனுப்புநர் முகவரியை, கொடைரோடு என்ற பெயரோடும் அஞ்சல் எண்ணோடும், பெரிய எழுத்தில் எழுதினேன்.